பதினான்கு கட்டங்கள்

மேரு
7.3.1993

அன்பு மகள் புஷ்பவல்லிக்கு,

அப்பா எழுதுகிறேன். யாரிடமும் சொல்லி எழுதவைக்கவில்லை. நானே எழுதுகிறேன். நீ நம்ப மாட்டாய் என்பதால் இன்னொரு முறை: நானே எழுதுகிறேன்.

இந்தக் கடிதத்துக்கு நாலு நாள் ஆகியிருக்கிறது. பாய்லருக்குள் துண்டுக் கட்டையைத் தள்ளிவிட்டு வந்து ஒரு வரி. சூடு பார்த்துவிட்டு வந்து ஒரு வரி. கோடு போட்ட தாள் என்பதால் எழுத்து கீழே விழாமல் நிற்கிறது.

கோயில் மண்டபத்தில் இராஜம்மா டீச்சர் ஞாயிற்றுக்கிழமை வகுப்பு நடத்துகிறார். பதினொரு பேர் படிக்கிறோம். நான்தான் மூத்தவன், அறுபத்து நாலு. அடுத்தவர் ஐம்பத்திரண்டு வயது லோரிக்காரர். அவர் என்னைப் பார்த்து எழுதுகிறார், டீச்சர் இரண்டு பேரையும் திட்டுகிறார். இப்போதெல்லாம் பஸ்ஸில் ஏறினால் எனக்கு ஓய்வே இல்லை. வழியில் இருக்கிற கடைப் பெயர் அத்தனையும் படிக்க வேண்டியிருக்கிறது. இருபது வருஷமாக நான் முடி வெட்டிக்கொள்கிற கடைக்கு 'நவீன சிகை அலங்கார நிலையம்' என்று பெயராம். அந்த ஆளுக்கா இந்தப் பெயர்!

ஏன் இந்த வயதில் படித்தேன் என்று கேட்பாய். உன் கல்யாணப் பதிவு நடந்த நாள் உனக்கும் நினைவிருக்கும். மாப்பிள்ளை ராதாகிருஷ்ணன் வீட்டில் எல்லோரும் பேனாவை வாங்கி வாங்கிக் கையெழுத்துப் போட்டார்கள். என் முறை வந்ததும் அந்த ஆபீஸ் பெண் மைப் பெட்டியைத் தேடிக்கொண்டு உள்ளே போனாள். எல்லோரும் காத்திருந்தார்கள். நீ என் காதோரம் வந்து, "விரலைத் துடைச்சிட்டு வெளியே நில்லுங்கப்பா" என்றாய். நின்றேன். அதற்குப் பிறகு ஒன்றரை வருஷம் நீ இங்கே வரவில்லை, நான் அங்கே வரவில்லை. அன்றைக்குக் கோபம் வந்தது. அந்தக் கோபம்தான் என்னை வகுப்புக்குக் கூட்டிப் போனது. அதனால் இப்போது அதன் மேல் எனக்குக் கோபமில்லை.

ஃபேக்டரியில் ஆர்டர் குவிகிறது. எஸ்டேட்டில் நான் பால் வெட்டிய காலத்தில் வயதான ரப்பர் மரம் அடுப்புக்குத்தான் போகும். இப்போது அதே மரம் கட்டிலாகி அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறுகிறது. ஆனால் மரம் காயவைக்கும் அறை நாலே நாலுதான். ஐந்தாவது கட்டுகிறேன் என்று நம் தவுக்கே இரண்டு வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். முதலாளி சொன்னால் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான்.

ஒன்று கேட்க வேண்டும். ஒன்றாம் தேதி வழக்கம்போல சூப்பர்வைசர் கார்த்திகேசு இருபது வெறும் கார்டை நீட்டினார். அறைக்குள் போகிற ஒரு லோடு மரத்துக்கு ஒரு கார்டு. ஒவ்வொன்றிலும் பதினான்கு கட்டம், ஒரு நாளுக்கு ஒரு கட்டம். மாதத் தொடக்கத்திலேயே அத்தனை கார்டுக்கும் அடியில் நான் கைநாட்டு வைத்துவிட வேண்டும். பிறகு என்னைத் தேடிக்கொண்டிருக்க வேண்டாம் என்று அவர் செய்த ஏற்பாடு. பல வருஷமாக இப்படித்தான். இந்தத் தடவை, "பேனா குடுங்க, கையெழுத்துப் போடறேன்" என்றேன். அவர் முகம் மாறிவிட்டது. "உமக்கு இப்ப என்ன விளையாட்டு? விரலையே வையும்" என்றார். வைத்தேன், இருபது முறை. அவர் முகம் ஏன் மாறியது என்று தெரியவில்லை. அந்தக் கார்டெல்லாம் கோலாலம்பூரில் உன்னுடைய பிரிக்பீல்ட்ஸ் ஆபீசுக்குத்தானே வருகிறது?

பதில் போடு. எழுத்தைப் பெரிதாகப் போடு.

அப்பா
தம்புசாமி (இது கையெழுத்து)


பிரிக்பீல்ட்ஸ்
17.3.1993

அப்பாவுக்கு,

உறை மேல் இருந்த எழுத்தைப் பார்த்ததும் யாரோ பள்ளிக்கூடப் பிள்ளை நன்கொடை கேட்டு எழுதியிருக்கிறது என்று நினைத்தேன். உள்ளே பிரித்து முதல் வரியைப் படித்தவுடன் எழுந்து கழிவறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டுதான் மீதியைப் படித்தேன்.

அன்றைக்கு நான் சொன்னது தப்பு. அதைக் கடிதத்தில் நீட்டி எழுத எனக்கு வரவில்லை. நேரில் வரும்போது சொல்கிறேன்.

உங்கள் எழுத்து நன்றாக இருக்கிறது. ஆனால் அந்த வேலையை விட்டுவிடுங்கள் அப்பா. சூட்டுக்கும் புகைக்கும் நடுவில் நீங்கள் நிற்பதை நினைத்தால் எனக்குச் சாப்பாடு இறங்குவதில்லை. இவரும் சொல்கிறார். இங்கே ஒரு அறை சும்மாதான் கிடக்கிறது. ஸ்கோட் ரோட்டில் கோயில் இருக்கிறது, நடந்தே போகலாம். படிக்கவும் இங்கே நிறையப் பெயர்ப்பலகை உண்டு.

கார்டு விஷயத்தில் கார்த்திகேசு சொல்வதைக் கேளுங்கள். பழைய கார்டு முழுவதும் கைநாட்டாக இருக்க, திடீரென்று கையெழுத்து வந்தால் வாங்குகிறவர்கள் ஆள் மாறிவிட்டாரா என்று கேள்வி கேட்பார்கள். எங்களுக்கு இப்போது எந்தக் கேள்வியும் வரக் கூடாது. ஏப்ரல் 20-ஆம் தேதி 240 இரண்டடுக்குக் கட்டில் அமெரிக்காவுக்கு ஏறுகிறது. கம்பெனிக்கு இதுவரை வந்ததிலேயே பெரிய ஆர்டர். இது நல்லபடியாகப் போனால் என்னை ஏற்றுமதிப் பிரிவுக்கு ஆபிசராகப் போடுவதாகத் தவுக்கே சொல்லியிருக்கிறார்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

புஷ்பா


மேரு
22.3.1993

அன்பு மகளுக்கு,

உன் கடிதத்தை மூன்று நாள் படித்தேன். முதல் நாள் எழுத்துக் கூட்டி. இரண்டாம் நாள் வேகமாக. மூன்றாம் நாள் வகுப்பில் எழுந்து நின்று சத்தமாக. கழிவறை வந்த இடத்தில் எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். 'நேரில் சொல்கிறேன்' என்ற வரியை மட்டும் அவர்களுக்குப் படித்துக் காட்டவில்லை.

உன் 7 எனக்கு மிகவும் பிடித்துவிட்டது. 17 என்று போட்டிருக்கிறாய், அந்த ஏழுக்கு இடுப்பில் குறுக்காக ஒரு கோடு. பெல்ட் கட்டிய மாதிரி. எங்கள் டீச்சர் அப்படிப் போடுவதில்லை. லோரிக்காரர், "உங்க மகளோட ஏழு வேலைக்குப் போற ஏழு அண்ணே, நம்ம ஏழு வீட்டுல படுத்திருக்கிற ஏழு" என்றார். யார் சொல்லிக் கொடுத்தது?

இனிமேல் எழுதுவதை மூன்று நாளாக எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தேன்.

கட்டிலின் நாலு கால்களும் கனமான மரம். உள்ளே காய பதினான்கு நாள் வேண்டும். இது நான் படித்துத் தெரிந்துகொண்டதில்லை. வெட்டிப் பார்த்து, பிளந்து பார்த்துத் தெரிந்துகொண்டது. ஆனால் போன வாரம் மூன்றாம் அறையை ஆறாம் நாளே திறக்கச் சொன்னார்கள். கதவைத் திறந்ததும் ஆவி குப்பென்று வந்தது. ஈரம் பார்க்கிற ஊசி மீட்டரைக் குத்தினேன். முள் பாதிக்கு மேல் போய் நின்றது. "இன்னும் ஈரம்ங்க" என்றேன். "ஈரம் கப்பலில காயும். அடுத்த லோடை ஏத்தும்" என்றார் கார்த்திகேசு. வங்காளதேசத்துப் பையன்கள் நாலு பேர் வந்து ஒரு மணி நேரத்தில் எல்லாவற்றையும் கால் கடையும் பக்கம் கொண்டுபோய்விட்டார்கள்.

முன்பும் எப்போதாவது இரண்டு நாள், மூன்று நாள் குறைப்பார்கள். இப்போது எப்போதுமே பாதிதான். ஆறு நாளில் எடுத்தால் பதினான்கு கட்டத்தில் என்ன எழுதுவார்கள்? எட்டுக் கட்டம் காலியாகத்தானே இருக்க வேண்டும்? நீதான் அங்கே இருக்கிறாயே. பார்த்து எழுது.

அப்பா


பிரிக்பீல்ட்ஸ்
27.3.1993

அப்பாவுக்கு,

ஏழு போடச் சொல்லிக் கொடுத்தது கிள்ளான் கான்வென்ட்டில் இருந்த பிரெஞ்சுக்கார சிஸ்டர். தினமும் சைக்கிளில் என்னைக் கொண்டுபோய் விட்டது நீங்கள்.

கார்டு வருகிறது, ஃபைலில் போகிறது. அவ்வளவுதான். தயவுசெய்து கார்டைப் பற்றி வகுப்பில் யாரிடமும் பேசாதீர்கள். கடிதத்திலும் எழுத வேண்டாம்.

உங்களுக்கு அங்கே நாலு அறை மட்டும்தான் தெரிகிறது. இங்கே இருந்து பார்த்தால்தான் மற்றது தெரியும். இந்த நாட்டில் இன்றைக்கு மரம் அறுக்கிற ஒவ்வொருவரும் மேசை நாற்காலி செய்யக் கிளம்பிவிட்டார்கள். பலகையாக விற்காதே, சாமானாகச் செய்து விற்று நாலு மடங்கு சம்பாதி என்று பேப்பரில் தினமும் வருகிறது. மூவாரில் ஒரு தெருவிலேயே பத்து ஃபேக்டரி. நாம் பதினான்கு நாள் என்றால் அவர்கள் பத்து நாள் என்கிறார்கள். தாமதமானால் வாங்குகிறவர் வேறு நாட்டுக்கே போய்விடுவார். அப்போது உங்கள் நாலு அறையும் பூட்டுத்தான்.

இன்னொரு செய்தி. நீங்கள் தயாராக இருக்க வேண்டும் என்பதால் சொல்கிறேன். போன வருஷம் போன கட்டிலில் ஒன்று அங்கே ஒரு வீட்டில் இணைப்பு விட்டுப் போயிருக்கிறது. குளிருக்கு வீட்டுக்குள் ஹீட்டர் போடுவார்களாம், அந்தச் சூட்டில் மரம் சுருங்கியிருக்கிறது. மேல் அடுக்கில் படுத்திருந்த ஆறு வயதுப் பெண் குழந்தை கீழே விழுந்து கை முறிந்துவிட்டது. வாங்குகிற கம்பெனியிலிருந்து ஒரு அம்மா விசாரிக்க வருகிறார். ஐந்தாம் தேதி மேருவுக்கு வருவார். கார்த்திகேசு மொழிபெயர்ப்பார். கேட்டதற்கு மட்டும் ஆமாம் என்று சொல்லுங்கள். வேறு எதுவும் பேசாதீர்கள்.

புஷ்பா


மேரு
6.4.1993

புஷ்பாவுக்கு,

நேற்று அந்த அம்மா வந்தார். உயரமானவர். வெயிலில் முகம் சிவந்துபோயிருந்தது. கையில் சொந்தமாக ஊசி மீட்டர் வைத்திருந்தார். கார்த்திகேசு அவரை நேராக ஒன்றாம் அறை அடுக்குக்கு அழைத்துப் போனார். அது மேசைக்கான மெல்லிய பலகை, காய்ந்தது. அந்த அம்மா குத்தினார், தலையாட்டினார். அனுப்ப வேண்டிய கட்டில்களெல்லாம் ஏற்கெனவே பெட்டிக்குள். ஒட்டிய பெட்டியைப் பிரித்தால் கப்பலுக்கு நேரமாகிவிடும் என்று தவுக்கே சிரித்துக்கொண்டே சொன்னார்.

பிறகு என்னை ஆபீஸ் அறைக்குக் கூப்பிட்டார்கள். கை துடைத்துக்கொண்டு போனேன். அந்த அம்மா எனக்கு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார். அந்த அறையில் நான் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை.

என்னமோ கேட்டார். நீளமாகக் கேட்டார். இரண்டு கையையும் விரித்துக் கேட்டார். கார்த்திகேசு என் பக்கம் திரும்பி, "இது உம்முடைய கைநாட்டா எண்டு கேக்கிறா. ஓம் எண்டு சொல்லும்" என்றார். அவ்வளவு நீளக் கேள்விக்கு இவ்வளவுதானா என்று நினைத்தேன். "ஆமாங்க" என்றேன். கார்த்திகேசு அதை இங்கிலீஷில் நீளமாகச் சொன்னார். என்னுடைய ஒரு சொல் அங்கே போய் இருபது சொல்லாகிவிட்டது.

கார்டுகள் மேசை மேல் என் முன்னால் விரித்துக் கிடந்தன. நான் விரல் வைத்த கார்டுகள். ஆனால் நிரப்பியதை இதுவரை நான் பார்த்ததே இல்லை. இங்கிலீஷ் எனக்குத் தெரியாது. எண் தெரியும். ஒரு கார்டில் மூன்றாம் அறை, ஏழாம் தேதியிலிருந்து இருபதாம் தேதி வரை. பக்கத்துக் கார்டிலும் மூன்றாம் அறை, பதினான்கிலிருந்து இருபத்தேழு வரை. ஒரே அறைக்குள் ஒரே நாளில் இரண்டு லோடு எப்படி இருக்கும்? அந்த அறையைப் பூட்டுவதும் திறப்பதும் நான். பதினான்கு கட்டமும் நிறைந்திருந்தது. எந்தக் கார்டிலும் ஒரு கட்டம்கூடக் காலியில்லை.

அதற்கும் முன்னால் வேறொன்று என் கண்ணில் பட்டது. முதலில் பார்த்துவிட்டுக் கடைசியில் எழுதுகிறேன், எழுத எனக்குக் கை வரவில்லை.

அந்தக் கார்டுகளில் இருக்கிற ஏழெல்லாம் இடுப்பில் பெல்ட் கட்டியிருக்கிறது.

கார்டுகளை அடுக்கித் திருப்பிக் கொடுத்தேன். அந்த அம்மா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். போகும்போது எனக்குக் கை கொடுத்தார்.

அவர் போன பிறகு கார்த்திகேசு என்னை நிறுத்திச் சொன்னார். "கார்டு எல்லாம் சரியா இருக்கு. அப்ப பிழை கார்டில இல்லை, காயவைச்ச ஆளிலதான். நீர் நெருப்பை விட்டிட்டு நித்திரை கொண்டிருக்கிறீர் எண்டு கம்பெனி எழுதிக் குடுக்கப் போகுது. வயசு போன ஆள்தானே, பேசாம வீட்டை போம்."

பதினொரு வருஷத்தில் ஒரு தடவைகூட நான் அந்த நெருப்பை அணையவிட்டதில்லை.

பதில் எழுது. உன் கையால் எழுது.

அப்பா


பிரிக்பீல்ட்ஸ்
9.4.1993

அப்பா,

நான்தான் எழுதினேன். மூன்று வருஷமாக நான்தான் எழுதுகிறேன்.

கார்த்திகேசு ஒரு துண்டுச் சீட்டு அனுப்புவார். எந்த அறை, எத்தனை நாள் என்று உண்மையான கணக்கு அதில் இருக்கும். ஆறு, ஏழு, சில சமயம் ஐந்து. வாங்குகிறவரோடு போட்ட ஒப்பந்தத்தில் பதினான்கு. நான் பதினான்கு கட்டத்தையும் நிரப்பிவிட்டுச் சீட்டைக் கிழித்துப் போடுவேன். முதல் தடவை தவுக்கே பக்கத்தில் நின்று சொன்னார், "எல்லாரும் இப்படித்தாம்மா. பேப்பர்லா, வெறும் பேப்பர்" என்று. இரண்டாம் தடவையிலிருந்து யாரும் நிற்கவில்லை. நானே செய்தேன். பேனா மாற்றி மாற்றி எழுதுவேன், வேறு வேறு நாளில் எழுதிய மாதிரி இருக்க. அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

அடியில் உங்கள் கைநாட்டு எப்போதும் தயாராக இருக்கும். உங்களுக்குப் படிக்கத் தெரியாது, ஒருநாளும் தெரியப்போவதில்லை என்று நினைத்துக்கொண்டேன். அதை நம்பித்தான் இவ்வளவும் செய்தேன். கல்யாணப் பதிவு அன்றைக்கு எந்தக் கைநாட்டுக்காக வெட்கப்பட்டேனோ, அதை வைத்துத்தான் மேலே வந்துகொண்டிருந்தேன். போதுமா?

அந்தக் குழந்தையின் படம் என் மேசைக்குத்தான் முதலில் வந்தது. கையில் கட்டுப் போட்டுக்கொண்டு சிரிக்கிறது. முன் பல் இரண்டும் இல்லை. நான் உடனே போய் அந்தக் கட்டிலின் கார்டைத் தேடி எடுத்தேன். பதினான்கு நாள் என்று என் எழுத்தில் இருந்தது. உண்மையில் எத்தனை நாள் என்று எனக்கே நினைவில்லை. சீட்டைத்தான் கிழித்துவிட்டேனே.

இப்போது நான் கேட்கப்போவது எவ்வளவு அசிங்கம் என்று எனக்குத் தெரியும். அவர்கள் சொல்வதை ஏற்றுக்கொள்ளுங்கள் அப்பா. நெருப்பை விட்டுவிட்டேன், வயதாகிவிட்டது என்று சொல்லிவிடுங்கள். உங்களை யாரும் ஒன்றும் செய்ய மாட்டார்கள். வேலை போகும், போகட்டும். நான் வைத்துக் காப்பாற்றுகிறேன். நான் மாட்டிக்கொண்டால் வேலை மட்டும் போகாது. பொய்ப் பத்திரம் என்று போலீஸ் வரை போகலாம். இவருக்கு இன்னும் எதுவும் தெரியாது.

அந்த அம்மா பதினெட்டாம் தேதி வரை கோலாலம்பூர் ஓட்டலில் இருக்கிறார். அதுவரை வாயைத் திறக்காமல் இருந்தால் போதும்.

புஷ்பா


மேரு
13.4.1993

மகளுக்கு,

உன் கடிதத்தை ஒரு தடவைதான் படித்தேன். இரண்டாம் தடவை தேவைப்படவில்லை. எழுத்து அவ்வளவு தெளிவாக இருந்தது.

எனக்குக் கோபமா என்று கேட்டால், இருக்கிறது. ஆனால் அதைச் சொல்லத் தேவையான சொற்கள் இன்னும் வகுப்பில் வரவில்லை.

மூன்று நாளாக யோசித்தேன். நெருப்பை விட்டேன் என்று சொல்வது எனக்குப் பெரிய காரியமில்லை. என் பேச்சை ஊரில் யார் கேட்டார்கள்? ஆனால் நான் அப்படிச் சொன்னால் அந்த 240 கட்டிலும் ஏறிவிடும். அந்தக் கால்களை நான் குத்திப் பார்த்திருக்கிறேன். 240 வீட்டில் மேல் அடுக்கில் ஒரு குழந்தை படுக்கும். சின்னப் பிள்ளைகளுக்கு மேல் அடுக்குத்தான் பிடிக்கும். உனக்கும் பிடித்திருக்கும், நம் வீட்டில் அடுக்குக் கட்டில் இல்லை, அவ்வளவுதான்.

இத்துடன் அந்த அம்மாவுக்கு நான் எழுதிய கடிதத்தை வைத்திருக்கிறேன். இராஜம்மா டீச்சர், "நான் இங்கிலீஷ்ல மாத்தித் தரவாண்ணே?" என்று கேட்டார். வேண்டாம், என் மகள் செய்வாள் என்று சொல்லிவிட்டேன். கார்த்திகேசு என் ஒரு சொல்லை இருபதாக்கினார். நீ ஒன்றை ஒன்றாகவே மாற்றித் தர வேண்டும். ஒரு வரிகூடக் கூட்டாதே, குறைக்காதே.

உன் பெயரை நான் எழுதவில்லை. எழுதி, அடித்து, மறுபடி எழுதி, கிழித்தேன். நான் செய்ததைத்தான் நான் எழுத முடியும் என்று தோன்றியது.

நீ இதை அவரிடம் கொடுக்காமல் விட்டால் எனக்குத் தெரியாது. நான் இங்கிலீஷ் படிக்கிறவன் இல்லை, அந்த ஓட்டல் எந்தத் தெருவில் இருக்கிறது என்றுகூடத் தெரியாது. கொடுத்தேன் என்று நீ எழுதினால் நம்புவேன்.

அப்பா

'அம்மா அவர்களுக்கு,

மேரு ஃபேக்டரியில் மரம் காயவைக்கும் தம்புசாமி எழுதுவது. அன்று எனக்கு நாற்காலி போட்டீர்கள், நன்றி.

கார்டில் இருப்பது என் விரல்தான். ஆனால் நான் விரல் வைத்தபோது கார்டு காலியாக இருந்தது. மாதம் ஒன்றாம் தேதி எல்லாக் கார்டிலும் வைத்துவிடுவேன். அது என் தப்பு. காலியான தாளில் விரல் வைக்கக் கூடாது என்று எனக்கு அப்போது தோன்றவில்லை.

நான் நெருப்பை விட்டதில்லை. கட்டில் கால் மரம் அறைக்குள் இருந்தது ஆறு நாள். பதினான்கு நாள் இல்லை. பெட்டியைப் பிரித்து உங்கள் மீட்டரால் காலைக் குத்திப் பாருங்கள். நான் சொல்வதை நம்ப வேண்டாம், மீட்டரை நம்புங்கள்.

அந்தக் குழந்தையின் கை சரியாகிவிட்டதா?

தம்புசாமி'


பிரிக்பீல்ட்ஸ்
19.4.1993

அப்பா,

கொடுத்தேன்.

வெள்ளிக்கிழமை முழுவதும் அதைக் கைப்பையிலேயே வைத்திருந்தேன். இரண்டு தடவை கிழிக்க எடுத்தேன். சீட்டு கிழித்துப் பழகிய கை. மாலையில் இவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். இவர் சத்தம் போடவில்லை. ஜன்னல் பக்கம் போய் நின்று, "உங்கப்பா உன் பேரை எழுதலைல்ல?" என்று கேட்டார். இல்லை என்றேன். "அப்போ நீதான் எழுதணும்" என்றார்.

சனிக்கிழமை காலை ஓட்டலுக்குப் போனேன். நீங்கள் எழுதியதை ஒரு வரி கூட்டாமல், ஒரு வரி குறைக்காமல் மாற்றி, அடியில் உங்கள் கையெழுத்தை உங்கள் தாளிலிருந்து நகல் எடுத்து ஒட்டியிருந்தேன். அந்தக் கையெழுத்துக்குக் கீழே தனியாக மூன்று வரி நானே எழுதினேன்: இந்தக் கார்டுகளை நிரப்பியது நான், தம்புசாமியின் மகள், அவருக்குத் தெரியாமல் செய்தேன். கூட்டாதே என்று சொன்னீர்கள். உங்கள் கடிதத்தில் கூட்டவில்லை. அது என் கடிதம்.

அவர் படித்தார். தமிழில் நீங்கள் எழுதிய தாளையும் கேட்டு வாங்கி, படிக்கத் தெரியாவிட்டாலும் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அன்று உங்களிடம் அவர் கேட்டது என்ன தெரியுமா? 'உங்கள் பேரக்குழந்தையை இந்தக் கட்டிலில் படுக்க வைப்பீர்களா?' என்று கேட்டாராம். 'ஆமாம், சந்தோஷமாகப் படுக்க வைப்பேன் என்கிறார்' என்று கார்த்திகேசு சொல்லியிருக்கிறார். அப்போது உங்கள் முகம் அப்படிச் சொல்லவில்லையாம். அதனால்தான் பார்த்துக்கொண்டே இருந்தாராம்.

ஞாயிற்றுக்கிழமை அவர் பயணத்தைத் தள்ளிப்போட்டுவிட்டு மேருவுக்கு வந்து பெட்டியைப் பிரிக்கச் சொன்னார். மீதி உங்களுக்குத் தெரியும், நீங்கள் அங்கேதான் இருந்தீர்கள்.

இன்று காலை எனக்கு வேலை போய்விட்டது. தவுக்கே கத்தவில்லை, அதுதான் பயமாக இருந்தது. "உங்கப்பா கேட்டாருன்னுதான் உன்னைச் சேத்தேன்" என்று மட்டும் சொன்னார். போலீஸ் விஷயம் இன்னும் தெரியவில்லை. அந்த அம்மா ஊருக்குப் போய்த் தன் கம்பெனியில் பேசிவிட்டுச் சொல்வதாகச் சொன்னார். எதுவும் உறுதி சொல்லவில்லை.

குழந்தையின் கை சரியாகிவிட்டதாம். கட்டுப் பிரித்தாயிற்று.

உங்களுக்கு அங்கே என்ன ஆயிற்று என்று எழுதுங்கள்.

புஷ்பா


மேரு
27.4.1993

அன்பு மகள் புஷ்பவல்லிக்கு,

உன் கடிதம் வந்தவுடன் பதில் எழுதியிருக்க வேண்டும். வேலை விடவில்லை. எனக்கு வேலை இருக்கிறது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை நடந்ததை நீ பார்த்திருக்க வேண்டும். அந்த அம்மா கட்டில் காலில் ஊசியைக் குத்தினார். முள் பாதியைத் தாண்டி ஓடியது. இன்னொரு பெட்டி. மறுபடி ஓடியது. ஒன்பது பெட்டி பிரித்தார். ஒன்பதாவதில் தவுக்கே ஒரு முக்காலியில் உட்கார்ந்துவிட்டார். அதுவும் நம் ஃபேக்டரியில் செய்ததுதான், பாவம் ஆடியது.

அந்த அம்மா போட்ட நிபந்தனை இது. கால்களெல்லாம் புதிதாகச் செய்ய வேண்டும். ஜூன் மாதம் வரை நேரம் கொடுக்கிறார். கார்டு பிரிக்பீல்ட்ஸ் போகக் கூடாது, அறைக் கதவிலேயே ஆணியில் தொங்க வேண்டும். நெருப்பைப் பார்க்கிற ஆளே அன்றன்றைக்கு எழுத வேண்டும். அப்படி எழுதத் தெரிந்தவன் இங்கே நான் ஒருவன்தான். அதனால் தவுக்கேயால் என்னை அனுப்ப முடியவில்லை. முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை, அவ்வளவுதான். கார்த்திகேசு ஒரு வாரம் லீவு போட்டிருக்கிறார். ஐந்தாவது அறைக்கு அளவு எடுக்க நேற்று ஆள் வந்திருந்தது. கட்டினால் நம்பலாம்.

பழைய கால்கள் பாய்லருக்குத்தான் போகின்றன. நானே தள்ளுகிறேன். ஈர மரம், புகைகிறது, கண் எரிகிறது. அழகாகக் கடைந்த கால்கள். தொள்ளாயிரத்து அறுபது. எரிப்பதற்கு எனக்கே மனசு ஆறவில்லை. எல்லாம் மறுபடி அடுப்புக்கே வந்துவிட்டது.

என் மகள் வேலை இழந்து உட்கார்ந்திருக்கிறாள் என்பது எனக்கு இங்கே ஒவ்வொரு கட்டையைத் தள்ளும்போதும் நினைவு வருகிறது. நான் செய்தது சரிதான் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். உன்னிடம் சொல்ல வாய் வரவில்லை. மாப்பிள்ளையிடம் அப்பா விசாரித்ததாகச் சொல். அவர் ஜன்னல் பக்கம் நின்றதை நினைத்துக்கொள்கிறேன்.

உன் கடிதத்தோடு வைத்திருந்த இங்கிலீஷ் நகலை நான் படிக்க முடியாது. ஆனால் அடியில் இரண்டு கையெழுத்து இருப்பது தெரிகிறது. மேலே ஒன்று என்னுடையது, தமிழில், சரிந்து நிற்கிறது. கீழே உன்னுடையது. அந்தத் தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்திருக்கிறேன். பாய்லர் பக்கம் போகும்போது மட்டும் எடுத்து வெளியே வைத்துவிடுகிறேன்.

புதிய மரம் இருபத்தொன்றாம் தேதி மூன்றாம் அறைக்குள் போயிற்று. இன்று ஏழாம் நாள். காலையில் மீட்டர் பார்த்து, கார்டில் ஏழாவது கட்டத்தை எழுதினேன். 7 போட்டு, கொஞ்சம் யோசித்து, இடுப்பில் பெல்ட் கட்டினேன். இந்தக் கடிதத்தின் மேலே தேதியிலும் கட்டியிருக்கிறேன், பார். கோடு சற்று மேலே போய்விட்டது, பழகிவிடும்.

ஞாயிற்றுக்கிழமை வா. கிள்ளானில் இறங்கி மேரு பஸ் பிடி. நீ நேரில் சொல்கிறேன் என்றது இன்னும் பாக்கி இருக்கிறது, எனக்கும் சொல்ல இருக்கிறது. வகுப்பு பத்து மணிக்கு முடியும், லோரிக்காரர் உன்னைப் பார்க்க வேண்டும் என்கிறார். பிறகு கதவில் தொங்குகிற கார்டைக் காட்டுகிறேன். நீ வரும்போது பன்னிரண்டு கட்டம் நிறைந்திருக்கும். இரண்டு காலியாக இருக்கும்.

இப்போது ஏழு காலி. மண்டபத்து வகுப்பில் நான் எழுதுகிற பேனா இங்கே என் பக்கத்திலேயே கிடக்கிறது. எட்டாவதை நாளைக்குத்தான் எழுதுவேன்.

அப்பா
தம்புசாமி